சண்டைப் படம் எடுக்க ஒரு ரைஸ் மில் போதும்

என் தொழில் கல்யாண வீடியோ. அம்பாசமுத்திரத்தில் ஸ்டுடியோ போட்டு 21 வருஷம் ஆகிறது. தாலி கட்டுவதை ஒரே டேக்கில் எடுத்துப் பழகியவனுக்குச் சண்டை எடுப்பது என்ன பெரிய காரியம் என்று நினைத்துத்தான் இறங்கினேன். நினைப்பு தப்பு. ஆனாலும் போன ஆடியில் 11 நிமிஷத்துக்கு ஒரு சிலம்பச் சண்டைக் குறும்படம் எடுத்து முடித்தோம். அதற்குப் பிறகு வாரத்துக்கு ஒரு பையனாவது ஸ்டுடியோ வாசலில் வந்து நிற்கிறான். "அண்ணாச்சி, எப்படி எடுத்தீங்க?" ஒவ்வொருத்தனுக்கும் டீ வாங்கிக் கொடுத்துச் சொல்லி மாளவில்லை. அதனால் எழுதிவிடுகிறேன்.

முதல் வேலை: உங்களிடம் ஒரு பெரிய கதை இருக்கும் இல்லையா, அதை டிரங்குப் பெட்டியில் போட்டுப் பூட்டுங்கள்.

என்னிடமும் ஒன்று இருந்தது. 1908 மார்ச் 12-ஆம் தேதி வ.உ.சி.யைக் கைது செய்தார்கள். மறுநாள் திருநெல்வேலியே எழுந்து நின்றது. நகராட்சி அலுவலகம், தபால் ஆபீஸ், போலீஸ் ஸ்டேஷன் எல்லாம் தீப்பிடித்தன, மண்ணெண்ணெய்க் கிடங்கு எரிந்தது, துப்பாக்கிச் சூட்டில் 4 பேர் செத்தார்கள். இதை 140 பக்கம் எழுதி வைத்திருந்தேன். குதிரை வேண்டும், வில்வண்டி வேண்டும், ஆயிரம் பேர் வேண்டும். சென்னையில் ஒரு தயாரிப்பு அலுவலகத்தில் கொடுத்தேன். 14 மாதம் "படிச்சிட்டிருக்கோம் சார்" என்றார்கள். கடைசியில் போய்க் கேட்டால், கொடுத்த பிரதி காணோம். நான் திரும்பி வந்து வளைகாப்பு எடுத்துக்கொண்டிருந்தேன்.

என் அக்கா மகள் பாளையங்கோட்டையில் விஸ்காம் படிக்கிறாள். ஒரு நாள் லேப்டாப்பைக் கொண்டுவந்து மேஜையில் வைத்தாள். "மாமா, இந்த ஆளுக்கும் உங்க கதைதான் நடந்திருக்கு. பாருங்க" என்றாள்.

அந்த ஆள் கேரத் எவன்ஸ். சினிமா இயக்குநர். பிரிட்டனில் இருக்கிற வேல்ஸ்காரர். 1980-இல் ஹிர்வைன் என்ற சின்ன ஊரில் பிறந்தவர். நிலக்கரி பூமி அது. அந்த ஊர்ப் பக்கத்துச் சுரங்கத்தை அரசாங்கம் மூடியபோது, தொழிலாளிகள் தங்களுக்குக் கிடைத்த வேலைநீக்கப் பணத்தை ஆளுக்குக் கொஞ்சமாகப் போட்டு 1995-இல் தாங்களே வாங்கி, 2008 வரை ஓட்டினார்கள். மில் சங்கொலி கேட்டு வளர்ந்த எங்கள் பக்கத்து விக்கிரமசிங்கபுரத்துக்காரர்களுக்கு இது எப்படிப்பட்ட காரியம் என்று நான் விளக்க வேண்டியதில்லை. சரி, நம் ஆளுக்கு வருவோம்.

பல்கலைக்கழகத்தில் திரைக்கதை எழுதப் படித்தார். 2006-இல் வேல்ஸிலேயே சொற்பக் காசில் ஒரு படம் எடுத்தார். பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம் இந்தோனேசியாவில் பென்சாக் சிலாட் என்ற அவர்கள் ஊர்ச் சண்டைக் கலையைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிற வேலை கிடைத்தது. மனைவிக்கு அந்த நாட்டோடு உறவு உண்டு. போனார். படம்பிடித்துக்கொண்டிருந்த சிலாட் பள்ளியில் ஒரு பையன் கண்ணில் பட்டான். பெயர் ஈக்கோ உவைஸ். டெலிபோன் கம்பெனி ஒன்றில் டிரைவர் வேலை. அவனைக் கதாநாயகனாகப் போட்டு 2009-இல் 'மெரண்டாவ்' என்ற படம் எடுத்தார்.

அடுத்து 'பெரண்டால்' என்று ஜெயில், ரவுடிக் கும்பல் என்று பெரிய கதை ஒன்று எழுதினார். காசு திரளவில்லை. ஒரு வருஷத்துக்கு மேல் அலைந்துவிட்டு அதை மூட்டைகட்டி வைத்தார். கையில் கிடைக்கிற காசுக்கு ஏற்ற மாதிரி வேறொன்று எழுதினார்: ஒரே ஒரு அடுக்குமாடிக் கட்டடம், உள்ளே போய் மாட்டிக்கொள்ளும் போலீஸ் குழு, அவ்வளவுதான். 'தி ரெய்டு'. செலவு 11 லட்சம் டாலர் சொச்சம். எடுத்த கேமரா பானசோனிக் ஏஎஃப் 100. நம்மைப் போன்ற வீடியோக்காரர்கள் தூக்கித் திரிகிற ஜாதி. 2011-இல் டொரண்டோ விழாவின் நள்ளிரவுப் பிரிவில் ரசிகர் விருது அதற்குத்தான். அதற்கப்புறம் பெட்டியில் கிடந்த பெரண்டால் கதையைத் தட்டி எடுத்து, மாற்றி எழுதி, 2014-இல் இரண்டாம் பாகமாக எடுத்துவிட்டார்.

சண்டையை மட்டும் பார்த்துவிட்டு "அதே மாதிரி அடிக்கணும்" என்று வருகிற பையன்களுக்குத்தான் இதை இவ்வளவு நீளமாகச் சொல்கிறேன். அவரிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது அடி இல்லை, வரிசை. முதலில் ஆவணப்படம், அதில் ஆள், அந்த ஆளுக்கு ஒரு கட்டடம். பெரிய கதை கடைசியில்.

ஆவணப்படம் என்ற சாக்கில் கூடத்துக்குள் நுழைவது

கல்லிடைக்குறிச்சிப் பக்கம் ஒரு சிலம்பக் கூடம் இருக்கிறது. கூடம் என்றால் கட்டடம் இல்லை, தோப்புக்குள் பெருக்கிவிட்ட மண் தரை. வாத்தியாருக்கு 70 தாண்டிவிட்டது. நாங்கள் வெற்றிலை பாக்கு, பழம், தட்டு எல்லாம் கொண்டுபோய் வைத்துத்தான் கேட்டோம். நீங்களும் அப்படித்தான் போக வேண்டும். கேமரா பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நேரே போய் நின்றால் அவர் பார்க்கிற பார்வையே தனி.

முதல் வாரம் கேமராவே எடுக்காதீர்கள். சும்மா உட்காருங்கள். காலை ஐந்தரைக்கு யார் முதலில் வருகிறார்கள், யார் தண்ணீர் தெளிக்கிறார்கள், அடிபட்டால் யார் சிரிக்கிறார்கள், யார் முறைக்கிறார்கள் என்று பாருங்கள். இரண்டாம் வாரம் எடுக்கும்போது தலையிலிருந்து கால்விரல்வரை ஃபிரேமுக்குள் இருக்கட்டும். சிலம்பத்தில் விஷயமே காலடியில்தான். கல்யாணத்தில் முகத்தையே பார்த்துப் பழகிய எனக்கு இது புரியப் பத்து நாள் ஆனது. முதல் பத்து நாள் எடுத்ததில் எல்லாருக்கும் முழங்காலுக்குக் கீழே எதுவும் இல்லை.

இரண்டு மாதத்தில் எங்களிடம் 22 நிமிஷ ஆவணப்படம் ஒன்று தேறியது. அதை வாத்தியார் வீட்டுச் சுவரிலேயே போட்டுக் காட்டினோம். அது போதும். எங்களுக்கு வேண்டியிருந்தது அந்தப் படம் இல்லை, அதற்குள் கிடைத்த பையன். வேல்ஸ்காரருக்கு டிரைவர் கிடைத்தான், எங்களுக்கு அப்பளக் கம்பெனியில் மாவு இடிக்கிறவன். உளுந்து மாவை இடித்து இடித்துத் தோள் இறுகிப் போனவன். பேசச் சொன்னால் தரையைப் பார்ப்பான். கம்பு கையில் வந்தால் தலை தானாக நிமிரும். அதனால் படத்தில் அவனுக்கு மொத்தம் நான்கே வசனம். நடிக்கத் தெரியாதவனை நடிக்க வைத்து அவனையும் படத்தையும் கெடுக்க வேண்டாம், பேசாத பாத்திரமாக எழுதிவிடலாம்.

கட்டடம் கிடைத்த பிறகு கதை

எனக்குத் தெரிந்த அண்ணாச்சி ஒருவருக்கு ரைஸ் மில் இருக்கிறது. போய்க் கேட்டேன்.

"ஏல, நெல்லு அரைக்கிற இடம்லே அது. அங்க போயி அடிதடியா?"

"படத்துலதான அண்ணாச்சி. கடைசியில நல்லவன்தான் ஜெயிக்கான்."

"யாரு, மில் ஓனரா?"

இந்த ஒரு கேள்வியில் கதை மாறிப்போனது. நான் முதலில் ஓனரைத்தான் வில்லனாக வைத்திருந்தேன். அங்கேயே நின்றபடி வில்லனை லாரி புரோக்கராக மாற்றிச் சொன்னேன். இடம் கொடுக்கிறவரின் தொழிலை வில்லன் தொழிலாக வைக்காதீர்கள்.

சாவி கிடைத்ததும் நோட்டும் டேப்புமாக உள்ளே போய் ஒரு நாள் முழுக்க அளந்தோம். இங்கேதான் நிதானமாக இருக்க வேண்டும். கம்பு, நிற்கிறவன் நெற்றி உயரம் இருக்கும். ஐந்தரை அடி என்று வைத்துக்கொள்ளுங்கள். கையை நீட்டிச் சுற்றினால் ஒரு ஆளுக்கே 14, 15 அடி வட்டம் வேண்டும். மேலே கூரை 10 அடிக்குக் குறைந்தால் தலைக்கு மேல் வீச்சு கிடையாது. எங்கள் மில்லில் நெல் கொட்டும் களத்தில் தாராளமாகச் சுற்றலாம். ஆனால் மூடை அடுக்கியிருக்கிற கிடங்கில் நடுவில் ஒரு சந்து, அகலம் 4 அடி. அங்கே வீச முடியாது. குத்தலாம், தடுக்கலாம், கம்பைப் பாதியில் பிடித்து முட்டலாம்.

அதுதான் எங்கள் கதையே. களத்தில் நன்றாகச் சுற்றுகிறவனை நான்கு பேர் சேர்ந்து சந்துக்குள் தள்ளுகிறார்கள். அவனுக்குத் தெரிந்த வித்தை அங்கே உதவாது. புதிதாக ஒன்றை அவன் அங்கேயே கண்டுபிடித்தாக வேண்டும். தம்பியின் சம்பளப் பாக்கியைக் கேட்டு வந்தான் என்பது முதல் இரண்டு நிமிஷத்துக்கு, அவ்வளவே. 'தி ரெய்டு' படத்திலும் அந்த நீள நடைவழிச் சண்டை ஏன் நெஞ்சை அடைக்கிறது என்று டேப் பிடித்து நின்றபோதுதான் எனக்கு உறைத்தது.

மில்லில் ஜாக்கிரதையாக இருக்க வேண்டிய இடங்களும் உண்டு. உமியும் தவிட்டுத் தூசியும் பறக்கிற இடத்தில் தீ கூடவே கூடாது. பீடிகூடக் கூடாது. பெல்ட்டும் மோட்டாரும் உள்ள பக்கத்துக்கு மெயினை இறக்கிவிட்டுத்தான் போக வேண்டும். நெல் அவிக்கிற தொட்டிப் பக்கம் படத்துக்கு அழகாகத்தான் இருக்கும். வேண்டாம். கூரையில் நான்கு கண்ணாடி ஓடு பதித்திருந்தார்கள். பதினொன்றிலிருந்து ஒரு மணி வரை அதன் வழியே வெயில் தூண் மாதிரி இறங்கும், தூசி அதில் மிதக்கும். லைட் வாடகைக்கு எடுக்கிற காசு அங்கேயே மிச்சம்.

போனில் முதலில் முழுப் படத்தையும் எடுப்பது

இதைச் செய்யாதவன் சண்டைப் படம் எடுக்கவே வேண்டாம் என்பேன். எவன்ஸ் குழு செய்ததும் இதுதான். சண்டைகளை மாதக்கணக்கில் அமைத்து, ஒரு அறையில் மெத்தை விரித்து, சின்ன வீடியோ கேமராவில் ஷாட் ஷாட்டாக எடுத்து, எடிட்டும் செய்து பார்த்துவிடுவார்கள். படப்பிடிப்புக்குப் போகும்போது அந்த வீடியோதான் கையேடு. எடிட்டிங் பெரும்பாலும் அவரே.

நாங்கள் ஐந்து வாரம் ஒத்திகை பார்த்தோம். இடம், தெரிந்த கல்யாண மண்டபத்தின் பந்திக் கூடம். முகூர்த்தம் இல்லாத நாளில் சும்மாதானே கிடக்கிறது. மாப்பிள்ளை வீட்டார் தங்குகிற அறைகளில் இருந்த 11 மெத்தைகளையும் இறக்கிப் போட்டோம். (பத்தமடைப் பாய் இருக்கிறதே, அதை விரிக்கலாமா என்று ஒரு பையன் கேட்டான். விழுகிற இடுப்பு அவனுடையது என்பதால் சும்மா இருந்துவிட்டேன்.) சந்து வேண்டுமே? டைனிங் மேஜைகளைச் செங்குத்தாக நிறுத்தி 4 அடி இடைவெளி விட்டுக் கட்டினோம்.

வாத்தியாரின் மூத்த மாணவர்தான் அடவு, அதாவது யார் எப்போது எப்படி அடிப்பது என்பதை, அமைத்தார். முதல் வாரம் எல்லாம் பாதி வேகம். வாயால் எண்ணிக்கொண்டே ஆட வேண்டும், ஒன்று, ரெண்டு, குனி, குத்து. முழு வேகம் மூன்றாம் வாரத்தில்தான். நான் போனைக் குறுக்காகப் பிடித்து எடுத்து, அன்று ராத்திரியே வெட்டி ஒட்டிப் பார்த்துவிடுவேன். எந்த அடி எந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் விழுந்த மாதிரி இருக்கிறது, எது காற்றில் போகிறது என்று அப்போதே தெரிந்துவிடும். கடைசியில் நாலரை நிமிஷச் சண்டைக்கு 94 ஷாட் வந்தது. ஒவ்வொன்றுக்கும் எண் போட்டு, படம் எடுத்து, மில் சுவரில் ஒட்டிவிட்டோம். படப்பிடிப்பு அன்று 94-ஐத் தவிர வேறெதையும் எடுக்கவில்லை. 63-ஆம் எண்ணை மட்டும் 17 முறை.

அடி விழுகிற ரகசியம் சின்னதுதான். அடிக்கிறவன் தோளுக்குப் பின்னால் கேமரா நின்றால், கம்பு ஒரு சாண் தள்ளிப் போனாலும் பட்ட மாதிரித்தான் தெரியும். பக்கவாட்டில் நின்றால் இடைவெளி காட்டிக் கொடுத்துவிடும். வாங்குகிறவன் முகம் திரும்புவதில்தான் அடியே இருக்கிறது. தூர ஷாட்டில் நிஜக் கம்பு. நெருங்கி அடிக்கிற ஷாட்டுக்கு மெல்லிய எலக்ட்ரிகல் பைப்பில் நுரைத்தாள் சுற்றி, துணி ஒட்டி, காபித்தூள் நிறத்தில் பெயின்ட் அடித்த கம்பு. ஆறு செய்து வைத்துக்கொள்ளுங்கள், மூன்று நிச்சயம் முறியும். எவன்ஸ்கூட 'தி ரெய்டு'க்கு நிஜத் துப்பாக்கி வைத்துக்கொள்ளவில்லை. பொம்மை ரகத் துப்பாக்கிதான், நெருப்புப் பொறியைக் கம்ப்யூட்டரில் பிறகு சேர்த்தார்கள்.

கேமராவில் ஒரே ஒரு விஷயம் சொல்கிறேன். நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். டியூப்லைட் வெளிச்சத்தில் எடுத்தால் விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் விநாடியில் ஐம்பதில் ஒன்று. சண்டை கொஞ்சம் கூர்மையாகத் தெரிய வேண்டுமானால் நூறில் ஒன்று. இடையில் வேறெங்கேயாவது வைத்தால் படம் துடிக்கும். கையில் லென்ஸ் ஒன்றுதான் என்றால் 24 அல்லது 28 மி.மீ. போதும்.

கேமரா தூக்குகிற ஆளும் ஒத்திகைக்கு வந்தே தீர வேண்டும். அவனும் ஒரு சண்டைக்காரன்தான். 'தி ரெய்டு' இரண்டாம் பாகத்தில் கார் துரத்தல் ஒன்று வரும். ஓடுகிற காருக்குள் கேமராவைக் கை மாற்றிக் கொடுப்பதற்காக ஒரு ஆளைக் கார் சீட் மாதிரியே வேஷம் போட்டு உட்கார வைத்தார்கள். இதைக் கேட்ட பிறகு என் உதவியாளனை நெல் மூடையாக்கிச் சாக்குக்குள் உட்கார வைத்தேன். ஷாட் அருமையாக வந்தது. அவன் மூன்று நாள் சொறிந்துகொண்டிருந்தான்.

எப்போது, எவ்வளவு

ஆடியில் எடுங்கள். முகூர்த்தம் கிடையாது, அதனால் கேமரா, லைட், ஆள் எல்லாம் சும்மா இருக்கும். வாடகைக்காரர்கள் பாதிக்குத் தருவார்கள். கார் பருவத்து நெல் இன்னும் வயலில் நிற்கும், கிடங்கிலும் பாதி இடம் காலியாக இருக்கும். ஆனால் ஆடிக்கென்று சில தொல்லைகளும் உண்டு. செவ்வாய், வெள்ளியில் எங்கேயாவது ஒரு அம்மன் கோயிலில் குழாய் ரேடியோ அலறும். கோயில் கொடைத் திருவிழா நடக்கிற ஊர் என்றால் மூன்று நாளைக்கு ஒலிப்பதிவை மறந்துவிடலாம். ஆடி அமாவாசைக்குச் சொரிமுத்து அய்யனார் கோயிலுக்குப் போகிற கூட்டம் பாபநாசம் ரோட்டை நிறைத்துவிடும். அந்த வாரம் லொகேஷன் மாறவே முடியாது. சாரல் காற்று தகரத்தில் அடித்தால் வசனம் கேட்காது. எங்கள் ஹீரோவுக்கு நான்கு வசனம்தான் என்பதால் பிழைத்தோம்.

சத்தத்தையெல்லாம் பிறகு ஸ்டுடியோவில் செய்தோம். ஈரச் சாக்கைச் சுருட்டித் தரையில் அடித்தால் உடம்பில் விழுகிற அடி. எலும்புக்குப் பச்சை முருங்கைக்காய். தலைக்கு இளநீர்க் கூடு. வீட்டில் சாம்பாருக்கு வைத்திருந்த முருங்கைக்காய் போய், இரண்டு நாள் பேச்சு வாங்கினேன்.

செலவு மொத்தம் 71,000. சாப்பாடு 23,000, முதலில் அதை ஒதுக்குங்கள். எட்டுச் சிலம்பப் பையன்களுக்கு ஆளுக்கு நாளைக்கு 600 வீதம் நான்கு நாளுக்கு 19,200. நண்பர்கள்தானே என்று கொடுக்காமல் இருக்காதீர்கள். அவர்கள் அன்றைய கூலியை விட்டு வருகிறார்கள். லென்ஸ் வாடகை 7,500. மில்லுக்குக் கரண்ட், வாட்ச்மேன் என்று 6,000. மீதி துணி, பைப், மருந்து, ஹார்ட் டிஸ்க். மதியம் கூட்டாஞ்சோறு மட்டும் போடாதீர்கள். முதல் நாள் போட்டோம். அதற்கப்புறம் இரண்டு மணி நேரம் எவனும் கம்பைத் தூக்கவில்லை.

பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். நாங்கள் கொடுக்கவில்லை. ராத்திரி ஒன்பது மணிக்கு எட்டுப் பேர் கம்போடு மில்லுக்குள் ஓடுவதைப் பார்த்த யாரோ போன் போட்டுவிட்டார்கள். வந்த ஏட்டையாவுக்கு 94 ஷாட்டையும் சுவரில் காட்டி விளக்கி அனுப்ப ஒரு மணி நேரம் ஆனது. முண்டந்துறை, காரையாறு பக்கம் எடுக்க ஆசை வரும். புலிகள் காப்பகம் அது. வனத்துறை அனுமதி இல்லாமல் கேமராவை வெளியே எடுக்காதீர்கள். மருந்துப் பெட்டி, ஐஸ், ஒரு வண்டி எப்போதும் வாசலில் நிற்கட்டும். எங்களில் ஒருவனுக்குக் கட்டைவிரல் பிசகியது. 63-ஆம் ஷாட்டின் பதினாறாவது டேக்கில்.

"ஊரை விட்டுப் போனால்தானே அண்ணாச்சி பெரிய ஆள் ஆகலாம்?" என்றும் கேட்கிறார்கள். எவன்ஸ் போனவர்தான், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் திரும்பியும் வந்தார். 2018-இல் நெட்பிளிக்ஸுக்கு எடுத்த 'அபாஸ்டல்' வேல்ஸில் எடுத்ததுதான். 2020-இல் ஒளிபரப்பான 'கேங்ஸ் ஆஃப் லண்டன்' தொடரைத் தன் பழைய கேமராமேன் மேட் ஃபிளானரியோடு சேர்ந்து உருவாக்கினார். எல்லா எபிசோடையும் தானே இயக்கவில்லை, மற்ற இயக்குநர்களுக்கும் பிரித்துக் கொடுத்தார். 2025-இல் வந்த 'ஹேவாக்' கதை அமெரிக்க நகரம் ஒன்றில் நடக்கிறது. எடுத்தது கார்டிஃப் பக்கத்தில். நம் மில்லும் திரையில் எந்த ஊராகவும் இருக்கலாம்.

இப்போது அக்கா மகள் டிரங்குப் பெட்டியைத் திறந்திருக்கிறாள். 140 பக்கத்தில் 131-ஐத் தள்ளிவிட்டாள். 1908 மார்ச் 13 ராத்திரி, ஒரே வீடு, அடைத்த கதவு. வெளியே மண்ணெண்ணெய் எரிகிற வெளிச்சம் ஜன்னலில் மட்டும் தெரிகிறது. உள்ளே ஒளிந்திருக்கிறவன் ஒருத்தன், தேடி வருகிறவர்கள் மூன்று பேர். கல்லிடைக்குறிச்சியில் எங்கள் ஆச்சி வீடு பூட்டிக் கிடக்கிறது. போன ஞாயிற்றுக்கிழமை போய் டேப் பிடித்தோம். முன்பக்கத் தார்சா 7 அடி. நடுக்கூடமான பட்டாசல் 11 அடி. மச்சுக்கு ஏறுகிற படி இரண்டே கால் அடி, தலை இடிக்கிறது.

"படியில வச்சு எப்படி மாமா குத்துறது?" என்றாள். அப்பளக்காரப் பையனுக்குப் போன் போட்டு, வரும்போது குட்டைக் கம்பு எடுத்துவரச் சொல்லியிருக்கிறோம்.